பொலிஸ் ஓய்வூதியத்தில் முந்தைய அரச சேவையைச் சேர்த்துக்கொள்வது எப்படி

ஓய்வுபெற்ற பொலிஸ் உத்தியோகத்தர் ஒருவர் தமது ஓய்வூதியக் கடிதத்தைக் கொண்டுவந்து, பொலிஸில் சேருவதற்கு முன்னர் தாம் பார்த்த அரச வேலையின் காலம் அதில் சேர்க்கப்படவில்லை என்று முறையிடும்போது, அவரிடம் நான் முதலில் கேட்பது இரண்டு திகதிகளை மட்டுமே. பழைய வேலையின் கடைசி நாள் எது, பொலிஸ் சேவையின் முதல் நாள் எது? வன்னியில் பிரதேச செயலகம் ஒன்றின் ஓய்வூதியக் கிளையில் பல ஆண்டுகள் கோவைகளைப் புரட்டியவன் என்ற முறையில் சொல்கிறேன்: அந்த இரண்டு நாட்களும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருப்பதைக் கடிதத்தால் காட்ட முடிந்தவருக்குப் பாதி வேலை முடிந்துவிடுகிறது. காட்ட முடியாதவர் கொழும்புக்கு எத்தனை முறை பஸ் ஏறினாலும் அதே கேள்வியோடுதான் திரும்பி வருவார்.

ஆனாலும் அந்தத் திகதிகளைத் தேடிப் புறப்படுவதற்கு முன்னர், இந்த அலைச்சலால் ஏதாவது கிடைக்குமா என்று ஒரு துண்டுத் தாளில் கணக்குப் பார்த்துவிடுவது நல்லது. அரச ஓய்வூதியம், ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பு எனப்படும் விதித் தொகுப்பின்படி கணிக்கப்படுகிறது. அதைப் பெறுவதற்குப் பொதுவாக 10 ஆண்டுகள், அதாவது 120 மாதங்கள், கணக்கில் கொள்ளத்தக்க சேவை இருக்க வேண்டும். அதன்பின் சேவை மாதங்கள் கூடக் கூட, இறுதிச் சம்பளத்தின் மீது கணிக்கப்படும் வீதமும் கூடிச் சென்று, 30 ஆண்டுகளில், அதாவது 360 மாதங்களில், உச்சத்தை அடைந்து நின்றுவிடுகிறது. ஆகவே 24 வயதில் கான்ஸ்டபிளாகச் சேர்ந்து 60 வயதில் ஓய்வுபெற்ற ஒருவருக்குப் பொலிஸ் சேவையே 36 ஆண்டுகள் இருக்கும்போது, அதற்கு முன்னைய மூன்று ஆண்டுகளைச் சேர்ப்பதால் வீதத்தில் ஒரு சதமும் கூடாது. இதைச் சொன்னால் சிலருக்குக் கோபம் வரும். உழைத்த காலம் உழைத்த காலம்தானே என்பார்கள். அவர்களின் ஆதங்கம் புரிகிறது, ஆனால் வீதம் அதற்கு மேல் ஏறாது.

இந்தக் கணக்கு உண்மையில் யாருக்குப் பயன்படும் என்றால், காயத்தாலோ நோயாலோ மருத்துவச் சபையின் முடிவின்படி முன்கூட்டியே ஓய்வுபெற்றவர்களுக்கும், 55 வயதில் தாமாக விலகி ஓய்வூதியம் பெற்றவர்களுக்கும், நிரந்தரப் பொலிஸ் சேவைக்குள் பிந்தி நுழைந்தவர்களுக்குமே பயன்படும். வவுனியாவிலும் மன்னாரிலும் நான் கண்ட கோவைகளில் பெரும்பாலானவை மூன்றாவது வகையைச் சேர்ந்தவை. அவற்றைப் பற்றிப் பின்னர் விரிவாகச் சொல்கிறேன்.

ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம். ஒருவர் 1990.04.15 அன்று நீர்ப்பாசனத் திணைக்களத்தில் அமைய ஊழியராக, அதாவது நிரந்தரமற்ற ஊழியராகச் சேர்ந்து, ஒன்பது மாதங்களின் பின் அங்கேயே நிரந்தர நியமனம் பெற்று, 1994.07.14 வரை பணியாற்றி, மறுநாளே பொலிஸில் சேர்ந்து, மருத்துவக் காரணத்தால் 2021.01.14 உடன் ஓய்வுபெற்றார் என்று வைத்துக்கொள்வோம். பொலிஸ் சேவை 26 ஆண்டு 6 மாதம், அதாவது 318 மாதங்கள். முந்தைய சேவை 4 ஆண்டு 3 மாதம், அதாவது 51 மாதங்கள். இரண்டையும் கூட்டினால் 369 வரும். ஆனால் அவருக்குத் தேவைப்படுவது 360-ஐ எட்டுவதற்கான 42 மாதங்கள் மட்டுமே. அமைய ஊழியராக இருந்த முதல் ஒன்பது மாதங்களுக்கு ஆவணம் எதுவும் கிடைக்காவிட்டாலும், நிரந்தர நியமனத்தின் பின்னைய 42 மாதங்கள் அந்த இடத்தைச் சரியாக நிரப்பிவிடும். ஆகவே அவர் ஒன்பது மாதத்துக்காக ஓராண்டு அலையத் தேவையில்லை. இந்த நிம்மதிக்கும் ஒரு நிபந்தனை உண்டு. சொந்தத் தேவைக்காக எடுத்த சம்பளமற்ற விடுமுறை பொதுவாகச் சேவைக் காலத்திலிருந்து கழிக்கப்படும். அவருடைய சேவை வரலாற்றுத் தாளில் அப்படி நான்கு மாதங்கள் பதியப்பட்டிருந்தால், பொலிஸ் சேவை 314 ஆகிவிடும். அப்போது 46 மாதங்கள் வேண்டும், அமைய காலத்திலும் நான்கு மாதங்களை நிரூபித்தே ஆக வேண்டும். முதலில் கணக்கு, பிறகு கடிதம் என்று நான் வற்புறுத்துவது இதனால்தான். வீதம் கூடினால் மாத ஓய்வூதியம் மட்டுமன்றி, 24 மாத ஓய்வூதியத்தின் அளவில் ஒரே தடவையில் வழங்கப்படும் பணிக்கொடையும் கூடும் என்பதையும் அந்தத் தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.

இனி, எந்த வேலை சேரும், எது சேராது என்ற கேள்வி. வேறொரு அரச திணைக்களத்திலோ மாகாண அரச சேவையிலோ ஓய்வூதிய உரித்துள்ள நிரந்தரப் பதவியை வகித்து, திணைக்களத் தலைவர் ஊடாக விண்ணப்பித்து, முறைப்படி விடுவிக்கப்பட்டு மறுநாள் பொலிஸில் சேர்ந்தவருடைய வழக்கு மிகவும் இலகுவானது. தற்காலிகமாகவோ அமைய அடிப்படையிலோ பதிலீட்டு அடிப்படையிலோ செய்த வேலை, இடையில் அறுபடாமல் நிரந்தர நியமனத்தில் போய்ச் சேர்ந்திருந்தால் அதற்கும் கோரிக்கை வைக்கலாம். கூட்டுத்தாபன வேலை வேறு விதமானது. பரந்தன் இரசாயனத் தொழிற்சாலையிலும் ஒட்டுசுட்டான் ஓட்டுத் தொழிற்சாலையிலும் வேலை பார்த்த எங்கள் ஆட்கள் அதை அரசாங்க வேலை என்றே சொல்லிப் பழகியவர்கள். ஆனால் அங்கெல்லாம் ஊழியர் சேமலாப நிதிதான் இருந்தது, அரச ஓய்வூதியம் இருக்கவில்லை. பலநோக்குக் கூட்டுறவுச் சங்கத்தில் முகாமையாளராகவோ கணக்காளராகவோ இருந்த காலத்துக்கும் இதுவே பொருந்தும். அந்தக் காலத்துக்கான உங்கள் உரிமை சேமலாப நிதியில்தான் கிடக்கிறது, அதை அங்கே தேடிப் பெறுங்கள். ஓய்வூதியம் உள்ள அரச பதவியில் சேர்வதும் அந்தப் பணத்தை மீளப் பெறுவதற்கு ஏற்கப்பட்ட ஒரு காரணமாகும். சம்பளமும் நியமனக் கடிதமும் இன்றித் தொண்டர் ஆசிரியராகக் கற்பித்த ஆண்டுகள் ஓய்வூதியக் கணக்குக்குள் வருவதில்லை. வன்னியின் பள்ளிக்கூடங்களை அந்த ஆண்டுகளில் தாங்கியவர்கள் தொண்டர் ஆசிரியர்களே என்பதை நினைத்தால் இதை எழுதுவது எனக்கும் கசப்பாகவே இருக்கிறது.

அடுத்தது, பின்னர் சொல்கிறேன் என்ற மூன்றாவது வகை: ரிசர்வ் பொலிஸ், அதாவது நிரந்தரப் பொலிஸுக்குத் துணையாக இருந்த படை. முழுநேரமாகக் கடமைக்கு அழைக்கப்பட்டு, நிரந்தரப் பொலிஸாருடன் ஒரே காவலரணில் நின்று, ஒரே சீருடை அணிந்து பணியாற்றிய ரிசர்வ் உத்தியோகத்தர்கள் 2006-ஆம் ஆண்டில் நிரந்தரச் சேவைக்குள் உள்வாங்கப்பட்டார்கள். அந்த ஆண்டில் உள்வாங்கப்பட்டு 2024-இல் ஓய்வுபெற்ற ஒருவருக்கு உள்வாங்கிய நாளிலிருந்து மட்டும் கணக்கிட்டால் ஏறத்தாழ 18 ஆண்டுகள்தான் வரும். அதற்கு முன் ரிசர்வில் 12 ஆண்டுகள் இருந்திருந்தால், அந்த 12 சேருகிறதா இல்லையா என்பதே அவருடைய ஓய்வூதியத்தின் அளவைத் தீர்மானிக்கும். இவர்கள் கையில் இருக்க வேண்டிய முதல் ஆவணம் உள்வாங்கல் கடிதம். அதிலுள்ள நிபந்தனைகளை ஒன்றுவிடாமல் வாசியுங்கள். சிங்களத்தில் இருந்தால் சத்தியப்பிரமாணம் செய்த மொழிபெயர்ப்பாளர் ஒருவரைக் கொண்டு மொழிபெயர்த்து வாசியுங்கள். முந்தைய ரிசர்வ் காலம் எந்த நோக்கத்துக்குக் கணக்கில் எடுக்கப்படும், எதற்கு எடுக்கப்படாது என்பது அந்த நிபந்தனைகளையும், அவை சுட்டும் சுற்றறிக்கையையும் பொறுத்தது. பதவியுயர்வுக்கான முதுநிலையும் ஓய்வூதியத்துக்கான சேவையும் வெவ்வேறு கணக்குகள். என்னுடன் உள்வாங்கப்பட்டவருக்கு சார்ஜன்ட் பதவி முன்திகதியிட்டுக் கிடைத்தது, ஆகவே எனக்கும் ஓய்வூதியம் கூட வேண்டும் என்று எழுதப்படும் கடிதங்கள் இந்தக் குழப்பத்தாலேயே தோற்றுப்போகின்றன. ரிசர்வில் இருந்த காலம் முழுவதும் கடமைக்கு அழைக்கப்பட்டிருந்தீர்களா, இடையிடையே விடுவிக்கப்பட்டீர்களா என்பதையும் கடமைக்கு அழைத்த கட்டளைகளையும் சம்பளப் பட்டியல்களையும் கொண்டு திகதி திகதியாக எழுதிக்கொள்ளுங்கள்.

இடைவெளி என்ற சொல்லுக்கு இங்கே வரவேண்டியிருக்கிறது. முந்தைய பதவியை இராஜினாமா செய்துவிட்டுப் பொலிஸில் சேர்ந்தவர், அந்தப் பதவியோடு சேர்ந்த ஓய்வூதிய உரித்தையும் பொதுவாக இழந்தவராகவே கருதப்படுவார். சேவையிலிருந்து நீக்கப்பட்டவருக்கும், அறிவிக்காமல் வராமல் விட்டதனால் பதவியை வறிதாக்கியவராகக் கருதப்பட்டவருக்கும் அதே நிலைதான். வன்னியில் இந்த மூன்றாவது நிலை பலருக்கு ஏற்பட்டது. 1990 ஜூனில் போர் மீண்டும் மூண்ட பின்னர், பாதை அடைபட்டு, அலுவலகத்துக்குப் போக வழியில்லாமல் நின்றவர்கள் வேலையை விட்டவர்கள் என்று கோவையில் எழுதப்பட்டுவிட்டார்கள். உங்கள் கோவையில் அப்படி ஒரு குறிப்பு இருந்தால், அதைத் திருத்தாமல் ஓய்வூதியத் திணைக்களத்துக்கு எழுதுவது வீண். முதலில் அந்தப் பழைய திணைக்களத்தின் தலைவருக்கு எழுதி, நீங்கள் கடமைக்குச் சமுகமளிக்க முடியாமற்போன காரணத்தை, அந்தக் காலத்தில் நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்பதற்கான சான்றோடு முன்வைத்து, அந்தக் குறிப்பை மீளாய்வு செய்யும்படி கேட்க வேண்டும். இது மெதுவான வேலை.

ஆவணங்களைப் பற்றி எழுதத் தொடங்கினால் வன்னியில் எவருக்கும் பெருமூச்சு வரும். நியமனக் கடிதம், நியமனத்தை உறுதிப்படுத்திய கடிதம், சேவை வரலாற்றுத் தாள், கடைசிச் சம்பள ஏற்றம் பற்றிய கடிதம், விடுவிப்புக் கடிதம் என்று ஐந்தையும் கேட்பார்கள். 2008, 2009-ஆம் ஆண்டுகளில் கிளிநொச்சியிலிருந்து முள்ளிவாய்க்கால் வரை ஓடி, பின்னர் மெனிக் பாம் இடம்பெயர்ந்தோர் முகாமில் கூடாரத்தில் இருந்தவர்களிடம் ஐந்தில் ஒன்று இருந்தாலே அதிசயம். அலுவலகங்களும் தங்கள் கோவைகளை இழந்தன. ஆனாலும் ஓர் அரச ஊழியர் விட்டுச் சென்ற தடங்கள் ஒரே அலுவலகத்தில் மட்டும் இருப்பதில்லை. நிரந்தர ஊழியரின் குடும்பத்துக்கான விதவைகள், அநாதைகள் ஓய்வூதியத் திட்டத்தின் இலக்கம் கொழும்பில் பதியப்பட்டது; அந்த இலக்கம் கிடைத்த திகதி நீங்கள் நிரந்தர சேவையில் இருந்ததற்கு வலுவான சாட்சி. தற்காலிக சேவையில் இருந்தவர்களுக்குப் பொதுச் சேவை சேமலாப நிதியில் கணக்கு இருந்திருக்கலாம். 1988 முதல் 2006 முடியும்வரை வடக்கும் கிழக்கும் ஒரே மாகாணமாக நிருவகிக்கப்பட்டபோது தலைமை அலுவலகங்கள் திருகோணமலையில் இயங்கின. ஆகவே அக்காலத்து மாகாண சேவைக் கடிதங்களின் பிரதிகளை யாழ்ப்பாணத்தில் மட்டும் தேடிவிட்டு இல்லை என்று முடிவு செய்ய வேண்டாம். ஆசிரியராக இருந்தவர்கள் பாடசாலையின் சம்பவத் திரட்டுப் புத்தகத்தைக் கேட்டுப் பாருங்கள். ஆசிரியர் கடமையேற்ற நாளையும் விலகிய நாளையும் அதிபர் தம் கையால் அதில் எழுதுவது வழக்கம். கறையான் தின்ற சம்பளப் பட்டியல்களுக்கு நடுவில், இடம்பெயர்வு முழுவதும் அதிபர் ஒருவர் சாக்கில் சுற்றிக் காவித் திரிந்த அப்படியொரு புத்தகத்தின் ஒற்றை வரியால் ஒருவருடைய மூன்று ஆண்டுகள் மீண்டதை நானே பார்த்திருக்கிறேன்.

சமாதான நீதவான் முன்னிலையில் முடித்த சத்தியக்கடதாசியையும், அக்காலத்தில் உடன் பணியாற்றிய ஓய்வுபெற்ற உத்தியோகத்தர்களின் கடிதங்களையும் இணைக்கலாம். அவை ஆவணத்துக்குத் துணையே தவிர, ஆவணத்தின் இடத்தை நிரப்புவன அல்ல.

பெயரில் ஒரு கண் வையுங்கள். தந்தையின் பெயரை முதலெழுத்தாகப் போடும் நமது வழக்கம், பிறப்புச் சான்றிதழில் தமிழிலும், நியமனக் கடிதத்தில் ஆங்கிலத்திலும், பொலிஸ் கோவையில் சிங்களத்திலும் எழுதப்படும்போது ஒரே ஆள் மூன்று ஆட்களாகிவிடுவார். சார்ஜன்ட் ஒருவருடைய முந்தைய சேவைக் கோவை கிடைத்த பின்னரும், அதில் இருப்பவர் இவர்தானா என்ற கேள்வியிலேயே எட்டு மாதங்கள் போயின. ஒரு கோவையில் முதலெழுத்து இரண்டு, மற்றதில் ஒன்று. தேசிய அடையாள அட்டை இலக்கம் இரண்டு கோவைகளிலும் இருந்தால் அதையே முன்னிறுத்துங்கள். இல்லாவிட்டால், இரண்டு பெயர்களும் ஒருவரையே குறிக்கின்றன என்ற சத்தியக்கடதாசியைக் கேட்பதற்கு முன்னரே இணைத்துவிடுங்கள். பிறப்புப் பதிவே அழிந்துபோய் அனுமான வயதுச் சான்றிதழ் பெற்றவர்கள், அதிலுள்ள திகதியும் பொலிஸில் கொடுத்த திகதியும் ஒத்துப்போகின்றனவா என்று பார்க்க வேண்டும்.

உங்கள் சொந்தக் கோவையில் என்ன எழுதியிருக்கிறது என்பதைத் தெரிந்துகொள்ளாமல் வாதாடுவது இருட்டில் நெல் அளப்பது போன்றது. 2016-ஆம் ஆண்டின் 12-ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ், பழைய திணைக்களத்துக்கும் பொலிஸ் திணைக்களத்துக்கும் தனித்தனியே விண்ணப்பித்து, சேவை வரலாற்றுத் தாளின் பிரதியையும், நியமனம், விடுவிப்பு, சம்பளமற்ற விடுமுறை தொடர்பான பக்கங்களையும் கேளுங்கள். தமிழிலேயே எழுதலாம். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தமது தீர்மானத்தைச் சொல்ல வேண்டும். மறுத்தாலோ பேசாமல் இருந்தாலோ, குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு 14 நாட்களுக்குள் மேன்முறையீடு செய்யலாம்; அதுவும் பயனளிக்காவிட்டால் இரண்டு மாதங்களுக்குள் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவுக்குப் போகலாம். கோவை அழிந்துவிட்டது என்று எழுத்தில் ஒரு பதில் வந்தாலும் அதைத் தூக்கி எறிய வேண்டாம். மாற்றுச் சான்றுகளை ஏற்கும்படி கேட்பதற்கு அந்தப் பதிலே உங்கள் அடிப்படை.

கோரிக்கையை எங்கே அனுப்புவது என்பதில்தான் பலர் தவறுகிறார்கள். பிரதேச செயலகம் உங்கள் ஓய்வூதியத்தை மாதாமாதம் கொடுக்கும் இடம். சேவைக் காலத்தை மாற்றும் அதிகாரம் அதற்கு இல்லை. ஓய்வூதிய விண்ணப்பத்தைத் தயாரித்து அனுப்பியது பொலிஸ் தலைமையகம். அதைப் பரிசீலித்து ஓய்வூதியத்தை வழங்கியது கொழும்பு மாளிகாவத்தையில் உள்ள ஓய்வூதியத் திணைக்களம். ஆகவே கடிதம் பொலிஸ் மா அதிபருக்கு, தலைமையகத்தின் ஓய்வூதியப் பிரிவின் கவனத்துக்கு எழுதப்பட்டு, அதன் பிரதி ஓய்வூதியப் பணிப்பாளர் நாயகத்துக்கு அனுப்பப்பட வேண்டும். பதிவுத் தபாலில் அனுப்பி, பற்றுச்சீட்டைக் கடிதத்தின் பிரதியோடு ஒட்டி வையுங்கள். தமிழில் எழுதுவது உங்கள் உரிமை, அதில் ஐயமில்லை. இருந்தாலும் சிங்கள மொழிபெயர்ப்பு ஒன்றையும் இணைத்தால் கோவை மேசையில் கிடக்கும் காலம் குறையும் என்பது என் அனுபவம்.

கடிதம் நீளமாக இருக்கக் கூடாது. அதன் நடுப்பகுதி ஏறத்தாழ இப்படி அமையலாம்:

“நான் 1990.04.15 முதல் 1994.07.14 வரை நீர்ப்பாசனத் திணைக்களத்தில் பணியாற்றி, அத்திணைக்களத்தினால் முறைப்படி விடுவிக்கப்பட்டு, 1994.07.15 அன்று பொலிஸ் சேவையில் சேர்ந்தேன். இரு சேவைகளுக்கும் இடையில் இடைவெளி இல்லை. எனது ஓய்வூதியம் 1994.07.15 இலிருந்தான சேவையை மட்டும் கொண்டு கணிக்கப்பட்டுள்ளது. முந்தைய சேவையை உறுதிசெய்யும் ஆவணங்களின் சான்றுப்படுத்திய பிரதிகள் இத்துடன் இணைக்கப்பட்டுள்ளன. அச்சேவையையும் சேர்த்து எனது ஓய்வூதியத்தையும் பணிக்கொடையையும் மீளக் கணித்து, திருத்திய விண்ணப்பத்தை ஓய்வூதியத் திணைக்களத்துக்கு அனுப்பிவைக்குமாறு கேட்டுக்கொள்கிறேன். இயலாதெனின், ஏற்புடைய விதியைக் குறிப்பிட்டு எழுத்தில் அறியத்தரவும்.”

கடைசி வரியை விட்டுவிட வேண்டாம். காரணம் எழுதப்பட்ட மறுப்பை வைத்துத்தான் மேலே போக முடியும். தொலைபேசியில் சொல்லப்படும் “சரிவராது ஐயா” என்ற பதிலை எந்த மேலதிகாரியிடமும் காட்ட முடியாது.

கேட்பதற்கு முன் மனசாட்சியோடு பார்க்க வேண்டிய ஒன்றும் உண்டு. முந்தைய காலத்துக்காகச் சேமலாப நிதியில் அரசாங்கத்தின் பங்கையோ, பணிக்கொடையையோ, வேறொரு ஓய்வூதியத்தையோ ஏற்கெனவே பெற்றிருந்தால், அதே காலத்துக்கு இரண்டாவது நன்மை கேட்பது கேள்விக்கு உள்ளாகும். பெற்றதை மறைக்காமல் கடிதத்திலேயே சொல்லி, திருப்பிச் செலுத்தவோ நிலுவையில் கழித்துக்கொள்ளவோ இணங்குவதாக எழுதுங்கள். மறைத்தது பின்னர் தெரியவந்தால், கொடுத்த ஓய்வூதியத்திலிருந்தே அறவிடுவார்கள். எழுபது வயதில் அந்தக் கழிவைத் தாங்குவது கடினம்.

மறுப்பு வந்தால், அதில் காட்டப்பட்ட விதியை வாசித்து, உங்கள் வழக்குக்கு அது பொருந்தவில்லை என்றால் பொது நிருவாக அமைச்சின் செயலாளருக்கு மேன்முறையீடு செய்யலாம். பொதுமக்களின் முறைப்பாடுகளை விசாரிக்கும் ஒம்புட்ஸ்மனுக்கும், பாராளுமன்ற உறுப்பினர் ஒருவர் ஊடாகப் பொது மனுக்கள் பற்றிய குழுவுக்கும் போகலாம். ஒரே நிலையில் உள்ள இருவருள் ஒருவருக்கு மட்டும் கொடுத்து மற்றவருக்கு மறுத்தது போன்ற பாரபட்சம் இருந்தால் அடிப்படை உரிமை மனு ஒரு வழி. ஆனால் அதற்கு ஒரு மாதக் கால எல்லை உண்டு, மறுப்புக் கடிதம் கைக்கு வந்த நாளிலேயே நாட்காட்டியில் குறித்துவிட்டு, வவுனியாவில் உள்ள சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்திலோ வழக்கறிஞர் ஒருவரிடமோ பேசுங்கள்.

இன்னும் சேவையில் இருப்பவர்கள் இதை வாசித்தால், ஓய்வுக்கு இரண்டு மூன்று ஆண்டுகள் முன்னரே முந்தைய சேவையைத் தமது பொலிஸ் கோவையில் பதிவித்துக்கொள்வது மேல். சீருடையோடு கேட்கும்போது ஒரு கிழமையில் நடப்பது, ஓய்வின் பின் ஓராண்டு எடுக்கும்.

திருத்திய ஓய்வூதியக் கடிதம் வந்ததும் சேவை மாதங்களின் மொத்தம், சம்பளமற்ற விடுமுறைக் கழிவு, வீதம் ஆகியவற்றை உங்கள் துண்டுத் தாளின் கணக்கோடு ஒப்பிடுங்கள். திருத்தம் ஓய்வுபெற்ற நாளிலிருந்து நடைமுறைக்கு வருகிறதா, கடிதத் திகதியிலிருந்தா என்று பாருங்கள். பின்னர் அந்தக் கடிதத்தின் பிரதியோடு உங்கள் பிரதேச செயலகத்தின் ஓய்வூதியக் கிளைக்குப் போய், மாதாந்தத் தொகை மாற்றப்பட்டதையும் நிலுவையும் பணிக்கொடை வேறுபாடும் வங்கிக் கணக்கில் விழுந்ததையும் வங்கிப் புத்தகத்தில் உறுதிசெய்துகொள்ளுங்கள்.